சுன்யேர் பிரபுவும் எனது பதினேழாவது பதவி விலகலும்

2025 ஜனவரி 21, செவ்வாய்

மைனஸ் இருபத்திரண்டு. நிரோஜா என்னைப் பிரெஞ்சு வகுப்பில் சேர்த்துவிட்டு இன்றோடு இரண்டு வாரம். பாண் தொழிற்சாலையில் இருபத்தொன்பது வருடம் மாவோடு மல்லுக்கட்டி ஓய்வு பெற்றவனுக்கு, அறுபத்தைந்து வயதில் வினைச்சொல் பாடம். ‘முப்பது வருசமா போன்ஜூர், மெர்சி எண்ட ரெண்டு சொல்லோடை சீவிச்சது காணும் அப்பா’ என்கிறாள் மகள். உண்மைக் காரணம் எனக்குத் தெரியும். நான் பகலில் வீட்டில் இருந்தால் தவமலருக்குத் தலையிடி. கட்டிய மனுசியே இப்படி.

சனிக்கிழமை எங்கள் கொடிமாவடி மக்கள் ஒன்றியத்தின் பொங்கல் விழா. மொன்ட்ரியாலிலும் லவாலிலும் இருக்கிற ஊர்ச்சனம் முழுக்க வந்திருந்தது. நிகழ்ச்சி நிரலில் ‘தலைவர் உரை – 5 நிமிடம்’ என்று போட்டிருந்தார்கள். போட்டது செயலாளர் பிரஷாந்தினி. போன வருடம் பதினைந்து. நான் இருபத்திரண்டு நிமிடம் பேசினேன், அது வேறு விடயம். எழுதியிருந்தது ஐந்து. அதுதான் இன்னும் நெஞ்சில் நிற்கிறது.

பெப்ரவரி 2, ஞாயிறு

பிரஷாந்தினியின் மின்னஞ்சல். பொதுக்கூட்டம் மார்ச் 30, வழமைபோல் செயின்ட்-மிஷேல் தேவாலயத்தின் நிலக்கீழ் மண்டபம்.

அதாவது நான் பதவி விலகுவதற்கு இன்னும் எட்டுக் கிழமை இருக்கிறது.

நாட்குறிப்பில் பொய் எழுதி யாரை ஏமாற்றப் போகிறேன்? 2008இல் தலைவரானேன். அடுத்த வருடத்திலிருந்து ஒவ்வொரு பொதுக்கூட்டத்திலும் விலகி வருகிறேன். ‘இளையவர்களுக்கு வழிவிட வேண்டும்’ என்று தொடங்குவேன். உடனே என் கூட்டாளி சிவராசா எழும்பி, ‘அண்ணை இல்லாட்டி ஒன்றியம் இல்லை’ என்பார். இன்னும் சிலர் எழும்புவார்கள். நான் தலையைக் குனிந்து கொஞ்ச நேரம் நிற்பேன். பிறகு, ‘உங்கள் அன்புக்காக, இன்னும் ஒரே ஒரு வருடம்’. கைதட்டல், தேநீர், பற்றிஸ். எனக்குத் தெரிந்த எல்லாச் சங்கத் தலைவர்களும் இப்படித்தான் தொடர்கிறார்கள். ‘எனக்கு இருக்க ஆசை’ என்று வாயால் கேட்பது எங்களிடையே மரியாதையில்லை. 2021இல் சூமில் விலகினேன். ஒலியை மூடி வைத்துக்கொண்டு விலகியதால் ஒருவருக்கும் கேட்கவில்லை. அப்படியே தொடர்ந்தேன்.

ஆனால் ஒன்றைக் கவனித்திருக்கிறேன். 2014இல் என்னை மறித்தவர்கள் ஒன்பது பேர், அதில் ஒருவர் அழுதார். போன வருடம் இரண்டே பேர். ஒருவர் சிவராசா. மற்றவர் எழும்பியது கழிப்பறைக்குப் போக என்று தவமலர் சொல்கிறாள்.

இந்த வருடம் உரை பலமாக இருக்க வேண்டும்.

பெப்ரவரி 4, செவ்வாய்

எங்கள் ஆசிரியை மதாம் நூரியா. சொந்த இடம் கத்தலோனியா. ஸ்பெயினுக்குள் தனி மொழியோடு இருக்கிற பகுதி. முதல் நாளே ‘எங்களுக்கும் அப்படித்தான்’ என்று கையால் காலால் சொல்லி விளங்கப்படுத்தினேன். அன்றிலிருந்து அவவுக்கு என்னில் ஒரு பட்சம்.

ஒவ்வொருவரும் ஐந்து நிமிடம் பிரெஞ்சில் பேச வேண்டுமாம். ‘உங்கள் நாட்டுச் சாப்பாட்டைப் பற்றி இனி ஒருவரும் பேசக்கூடாது, பதினாறு வருடமாகக் கேட்கிறேன்’ என்று சொல்லிவிட்டா. தன் நாட்டுப் பழைய பிரபுக்களின் பெயர்களை எழுதிக் கம்பளித் தொப்பிக்குள் போட்டு நீட்டினா. எனக்கு வந்தவர் சுன்யேர். பார்சிலோனாவின் பிரபு. ஆயிரத்து நூறு வருடம் பழையவர்.

மாவைப் பற்றிக் கேட்டிருந்தால் ஐந்து நிமிடமல்ல, ஐம்பது நிமிடம் பேசியிருப்பேன்.

பெப்ரவரி 7, வெள்ளி

நிரோஜா கணினியில் வாசித்துத் தமிழில் சொல்லச் சொல்ல நான் எழுதினேன். முதலில் ஏனோதானோ என்றுதான் இருந்தேன். பிறகு கதிரையை இழுத்துக்கொண்டு கிட்டப் போனேன்.

தகப்பனின் பெயர் கிப்ரே. பட்டப்பெயர் ‘மயிரடர்ந்தவர்’. எங்கள் ஊரிலும் சடையர் வீடு என்று ஒன்று உண்டு, அவர்களுக்கும் காணி அதிகம். தகப்பன் சண்டையில் செத்துப்போக, அண்ணன் தம்பிமார் நிலத்தைப் பங்குபோட்டார்கள். மூத்தவன் ஆண்பிள்ளை இல்லாமல் கண்ணை மூட, சுன்யேர் வந்து பார்சிலோனாவில் ஏறி இருந்தார். மற்ற அண்ணன் மீரோ சும்மா விடுவாரா? பெரிய தர்க்கம். கடைசியில் வேறொரு துண்டில் இருந்த உரிமையை விட்டுக்கொடுத்து அவரைச் சமாளித்தார். தமக்கையோடும் இழுபறி. அவ கன்னியர் மடத்துத் தலைவி.

‘அப்பா, இது அப்பிடியே பெரியப்பாவின்ரை வளவுப் பிரச்சினை’ என்றாள் நிரோஜா.

கோட்டை கட்டினார். தரிசாய்க் கிடந்த இடங்களில் சனங்களைக் குடியேற்றினார். எல்லைக்கு அப்பால் போய்ச் சண்டை பிடித்தார். 911இலிருந்து 947 வரை ஆள் அசையவில்லை. முப்பத்தாறு வருடம்!

உடனே சிவராசாவுக்குத் தொலைபேசி எடுத்தேன். ‘முப்பத்தாறு வருசம் ஒரே தலைவர், பாத்தீரே?’

‘தேர்தல் ஒண்டும் வரேல்லையோ அண்ணை?’

‘அங்கை ஆர் தேர்தல் வைக்கிறது?’

‘குடுத்து வைச்ச மனுசன்’ என்றார் சிவராசா.

பெப்ரவரி 11, செவ்வாய்

ஏமாற்றம். இன்று கடைசிப் பக்கத்தை வாசித்தோம். 947இல் அந்த மனிதர் பதவியை விட்டுவிட்டார். சாகவில்லை. தோற்கவில்லை. ஆட்சியை மகன்மார் இரண்டு பேரிடம் கொடுத்துவிட்டு, மலைக்கு அப்பால் ஒரு மடத்தில் துறவியாகச் சேர்ந்துவிட்டார். மூன்று வருடத்தில் அங்கேயே காலமானார்.

யாரோ தள்ளியிருக்கிறார்கள். மனைவி ரிகில்டாவா? பொரெல் என்கிற அந்த மகனா? வகுப்பு முடிந்ததும் மதாம் நூரியாவை மறித்துக் கேட்டேன். தெரிந்தவரையில் ஒருவரும் தள்ளவில்லையாம்.

எனக்கு நம்பிக்கையில்லை. சும்மா இருந்த மனிசன் ஏன் விடுவான்? விட்டுப்போட்டு என்ன செய்வான்?

தவமலரிடம் சொன்னேன். ‘களைச்சிருப்பார், பாவம்’ என்றாள், கீரையை ஆய்ந்தபடி. இவள் எந்தப் பக்கம் என்றே தெரியவில்லை.

பெப்ரவரி 17

பனி. முன்கதவு திறக்கவில்லை. ஒருவரும் என்னைக் கூப்பிடவில்லை.

பெப்ரவரி 25, செவ்வாய்

பேசினேன். கோட்டை, குடியேற்றம், சண்டை, அண்ணன் தம்பிப் பிரச்சினை எல்லாம் சொன்னேன். வகுப்பே வாயைப் பிளந்துகொண்டு கேட்டது. 946ஆம் ஆண்டில், பிரபு நல்ல சுகத்தோடு ஆட்சி செய்துகொண்டிருக்கிறார் என்ற இடத்தில் முடித்து, மெர்சி சொல்லிக் கதிரையில் இருந்துவிட்டேன்.

‘பிறகு?’ என்றா மதாம் நூரியா.

‘நேரம் முடிந்துவிட்டது.’

‘இன்னும் ஒரு நிமிடம் இருக்கிறது. அவர் ஆயிரம் வருடத்துக்கு முன்பே காலமாகிவிட்டார், மிஸ்யூ நகுலேஸ்வரன்.’

புள்ளி போடவில்லை. முடிவோடு சேர்த்து ஏப்ரல் கடைசியில் மறுபடியும் பேச வேண்டுமாம்.

மார்ச் 5, புதன்

முகம் வழித்துக்கொண்டிருக்கும்போது பளிச்சென்று உதித்தது. இந்த முடிவை நான் ஏன் ஒளிக்கிறேன்? இதைவிட நல்ல பதவி விலகல் உரை உலகத்தில் உண்டா?

‘ஆயிரம் வருடத்துக்கு முன்னால் ஒரு தலைவன் இருந்தான். கோட்டைகள் கட்டினான். ஒரு நாள், ஒருவரும் கேளாமலே, எல்லாவற்றையும் பிள்ளைகளின் கையில் வைத்துவிட்டு, வெறுங்கையோடு மலையைக் கடந்து நடந்தான்…’

எனக்கே மயிர்க்கூச்செறிந்தது. இதைக் கேட்டுவிட்டு என்னைப் போக விடுவார்களா? காலைப் பிடித்துக் கொள்ள மாட்டார்களா? கன்னத்தில் சவர்க்கார நுரையோடு வந்து எழுதுகிறேன்.

மார்ச் 16, ஞாயிறு

குளியலறையில் ஒத்திகை. ஆறு நிமிடம் நாற்பது விநாடி. ‘மலையைக் கடந்து’ என்ற இடத்தில் குரல் தானாகவே உடைகிறது.

சிவராசாவோடு கதைத்தேன். ‘நான் மூக்குக்கண்ணாடியைக் கழட்டித் துடைச்சவுடனை நீர் எழும்ப வேணும். முந்தவும் கூடாது, பிந்தவும் கூடாது.’

‘எனக்குப் பதினாறு வருச அனுபவம் அண்ணை’ என்றார்.

மார்ச் 24, திங்கள்

பிரஷாந்தினி தொலைபேசியில் வந்தா. முப்பத்தெட்டு வயது. மொன்ட்ரியால்-நோர் பகுதியில் சிறுவர் பராமரிப்பு நிலையம் நடத்துகிறா. நாற்பது பிள்ளைகளை ஒரே நேரத்தில் நித்திரையாக்குகிற குரல்.

‘தலைவர், இந்த முறை உண்மையா விலகுறீங்களோ? நியமனப் படிவம் அடிக்கிறதெண்டால் இப்பவே அடிக்க வேணும்.’

என்ன கேள்வி இது! பதினாறு வருடத்தில் ஒருவரும் இப்படி நேரே கேட்டதில்லை. ‘சபை என்ன சொல்லுதோ அதுதான்’ என்று மழுப்பினேன்.

‘சரி. எதுக்கும் ரெண்டு அடிச்சு வைக்கிறன்.’

இரண்டு படிவம். ஏன் இரண்டு?

உள்ளதைச் சொன்னால், வேலை முழுக்க அவதான் செய்கிறா. மண்டபம், காப்புறுதி, ஒலிபெருக்கி, பிள்ளைகளின் போட்டிகள் எல்லாம். நான் பேசுகிறேன், குத்துவிளக்கு ஏற்றுகிறேன், முத்திரை குத்துகிறேன். தொழிற்சாலையிலும் விட்டாச்சு. இதுவும் போனால் நான் ஆர்? நான் உள்ளே வரும்போது எழும்பி நிற்க இந்த நகரத்தில் வேறு எந்த மண்டபம் இருக்கிறது?

மார்ச் 30, ஞாயிறு

முடிந்தது.

மார்ச் 31, திங்கள்

நேற்று எழுதக் கை வரவில்லை.

உரை நன்றாகத்தான் போனது. அதுதான் வினை. எண்பது பேர், ஊசி விழுந்தால் கேட்கும். சுன்யேர் கோட்டை கட்டினார், தலையாட்டினார்கள். பிள்ளைகளைக் கூப்பிட்டார், முன்வரிசைப் பெண்கள் முந்தானையை எடுத்தார்கள். ‘வெறுங்கையோடு மலையைக் கடந்து’ என்றேன். கடைசி வரிசையில் யாரோ மூக்கை உறிஞ்சுவது கேட்டது. ‘நானும் அவர்போல…’ என்று சொல்லிக் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தேன்.

சிவராசா எழும்பினார். நேரம் தப்பவில்லை. ஆனால் முகமெல்லாம் கண்ணீர். கைலேஞ்சியால் துடைத்தார், மூக்கைச் சிந்தினார். கடைசியாக வந்தது இதுதான்: ‘அண்ணையை இனியும் நாங்கள் கட்டி வைக்கக் கூடாது. பதினேழு வருசமா அந்தாள் கேக்குது. இண்டைக்குத்தான் எனக்கு விளங்கினது. போக விடுங்கோ!’

நான் அவரை முறைத்தேன். கண்ணாடி இல்லாததால் எங்கே முறைத்தேன் என்று தெரியவில்லை.

முழு மண்டபமும் எழும்பிக் கை தட்டியது. 2014இல்கூட இப்படித் தட்டவில்லை. ‘இன்னும் ஒரே ஒரு வருடம்’ என்ற வசனம் நாக்கு நுனியில் நிற்கிறது. ஒலிவாங்கியைப் பொருளாளர் நிஷான் வாங்கிக்கொண்டு போய்விட்டான். பிரஷாந்தினி ஏகமனதாகத் தலைவர். நான் போஷகர். பொன்னாடை போர்த்தினார்கள். எல்லாம் நாலு நிமிடத்தில். இது பதினைந்தாவது பொன்னாடை. முந்தியவற்றில் ஒன்று தவமலரின் தையல் இயந்திரத்தை மூடியிருக்கிறது.

போஷகர் என்றால் என்ன? கடிதத் தாளின் மேல்மூலையில் பெயர் இருக்கும். அவ்வளவுதான்.

வீட்டுக்கு வரும் வழியில் தவமலர் என் கையைப் பிடித்தாள். ‘நல்லாப் பேசினீங்கள். நான் உங்களை இப்பிடி நினைக்கேல்லை.’ கல்யாணமாகி முப்பத்தெட்டு வருடத்தில் என் உரையை அவள் பாராட்டியது இதுதான் முதல் தடவை.

ஏப்ரல் 1

சிவராசா மூன்று தரம் எடுத்தார். நான் எடுக்கவில்லை.

ஏப்ரல் 3, வியாழன்

பிரஷாந்தினி வந்தா, களஞ்சிய அறைப் பூட்டின் திறப்பும் முத்திரையும் வாங்க.

‘அங்கிள், பிழையா நினைக்காதேங்கோ, புத்தாண்டு விழாவுக்குக் கடிதங்கள் அனுப்ப வேணும்.’

நாலு நாளில் தலைவர் போய் அங்கிள் ஆகிவிட்டேன்.

திறப்பைக் கொடுத்தேன். முத்திரை எங்கேயோ தொலைந்துவிட்டது என்றேன். அது நான் காலுறை வைக்கிற அலுமாரி லாச்சிக்குள் இருக்கிறது. அவ போன பிறகு எடுத்து வெறுந்தாளில் ஒரு தரம் குத்திப் பார்த்தேன். மை இன்னும் நன்றாக இருக்கிறது.

சீ, எனக்கே வெட்கமாக இருக்கிறது.

ஏப்ரல் 8, செவ்வாய்

வகுப்பு முடிந்ததும் மதாம் நூரியாவிடம் கேட்டேன்: மடத்துக்குள் போனபின் சுன்யேர் என்ன செய்தார்? பழைய ஆட்கள் தேடி வந்தார்களா? ஆலோசனை கேட்டார்களா? மகன் பொரெல் பிழை விட்டபோது கடிதம் எழுதினாரா?

அவ சிரிக்கவில்லை. பிரபுவாக இருந்த காலத்துக்குப் பத்திரங்கள் இருக்கின்றன என்றா. காணி கொடுத்தது, கோவிலுக்கு எழுதியது, வழக்குத் தீர்த்தது. கடைசி மூன்று வருடத்துக்கு, தான் வாசித்த புத்தகங்களில் ஒரு வரிக்கு மேல் இல்லையாம். மடத்தில் சேர்ந்தார், இறந்தார்.

‘ஒரு காகிதமும் இல்லையா?’

‘நான் கண்டதில்லை.’

பஸ் தரிப்பில் நின்று யோசித்தேன். முப்பத்தாறு வருடம் கையெழுத்து. பிறகு ஒன்றுமில்லை. பாவம், மனிதர் அங்கே சுவரைப் பார்த்துக்கொண்டு இருந்து செத்திருப்பார்.

ஏப்ரல் 19, சனி

புத்தாண்டு விழா. தவமலர் கெஞ்சியதால் போனேன். முன்வரிசையில் ‘போஷகர்’ என்று தாள் ஒட்டிய கதிரை, ஒலிபெருக்கிப் பெட்டிக்குப் பக்கத்தில். அதில் போய் இருக்க மனம் வரவில்லை. யாரும் காணாமல் கடைசியில் நின்றுவிட்டு வருவோம் என்று பின்கதவால் நுழைந்தேன். பின்கதவு சமையலறைக்குள் திறக்கிறது.

உள்ளே சிவராசா தனியே நின்றார். முன்னால் ஒரு பெரிய வாளி வடைமா. உதவிக்கு வர இருந்த இரண்டு பேர் பாலத்தில், வாகன நெரிசலில். என்னைக் கண்டதும் முகம் வெளிறியது.

‘அண்ணை, அண்டைக்கு நான்… நீங்கள் உண்மையாத்தான் சொன்னீங்கள் எண்டு…’

எனக்குத் திட்ட வேண்டும் போல இருந்தது. பதினாறு வருசமும் உமக்கு விளங்கினது அண்டைக்கு மட்டும் ஏனப்பா விளங்காமப் போச்சு? கேட்க வாயெடுத்தேன். அதற்குள் வாளி கண்ணில் பட்டது.

‘இதென்ன, மாவைத் தண்ணியா அரைச்சு வைச்சிருக்கிறீர்?’

‘அதுதான் அண்ணை, எண்ணெய்க்குள்ளை போட்டா விரிஞ்சு போகுது. கையைக் கழுவிப்போட்டு வாங்கோ!’

எனக்கு ஒருவர் கட்டளையிட்டு எவ்வளவு காலம்! மேல்கோட்டைக் கழற்றினேன். கொஞ்சம் அரிசிமா சேர்த்தேன், பதம் பார்த்தேன், அடுப்பைக் குறைத்தேன். மாவுக்குக் கை வைத்தால் எனக்கு வேறொன்றும் தெரியாது. முன்னூறுக்கு மேல் சுட்டிருப்போம். தட்டு வெளியே போகிறது, வெறுமையாய் வருகிறது. பரிமாறும் சின்னத் துவாரத்தால் மேடை தெரிந்தது. பிரஷாந்தினியின் தலைவர் உரை மூன்று நிமிடம். பிள்ளைகளின் நாடகம் நேரத்துக்குத் தொடங்கியது. எங்கள் விழாவில் அப்படி நடந்து நான் கண்டதில்லை.

பிறகு ஒலிபெருக்கியில் என் பெயர். சிறப்பு விளக்கு ஏற்றப் போஷகர் மேடைக்கு வரட்டாம். நிஷான் சமையலறைக்கு ஓடி வந்தான்.

‘அங்கிள், மேடையிலை கூப்பிடினம்!’

‘எண்ணெய் காயுது. வேறை ஆரையும் ஏத்தச் சொல்லும்’ என்றேன்.

சொன்ன பிறகுதான் நான் சொன்னது எனக்கே கேட்டது. சிவராசா கரண்டியோடு என்னைப் பார்த்தபடி நின்றார். ‘என்ன பாக்கிறீர், அது கருகுது’ என்றேன்.

ஒரு வடையை ஊதி ஊதித் தின்றேன். பதினேழு வருடம் மேடையில் இருந்து எல்லோருக்கும் பிறகுதான் சாப்பிட்டிருக்கிறேன். எங்கள் விழாவில் வடை இவ்வளவு மொறுமொறுப்பாக இருக்கும் என்று எனக்குத் தெரியாது.

போகும்போது பிரஷாந்தினியிடம் முத்திரையைக் கொடுத்தேன். காலையில் எதற்கோ சட்டைப்பையில் போட்டிருந்தேன்.

‘துலைஞ்சு போச்சு எண்டனீங்கள்?’

‘கிடைச்சிட்டுது.’

அதில் எண்ணெய் பட்டிருந்தது. அவ துடைத்துக் கைப்பைக்குள் வைத்தா, வேறொன்றும் கேட்கவில்லை. நல்ல பிள்ளை.

ஏப்ரல் 29, செவ்வாய்

முடிவோடு பேசினேன். மடத்துக்குப் போனார் என்றேன். அதோடு நிற்க முடியவில்லை. ‘மூன்று வருடத்துக்கு ஒரு காகிதமும் இல்லை. அங்கே நூறு பேருக்குச் சமைக்க வேண்டும். அவர் அடுப்படியில் நின்றிருப்பார் என்று நினைக்கிறேன்’ என்று சொல்லிக் கதிரையில் இருந்தேன்.

‘இதற்கு ஆதாரம் ஒன்றும் இல்லையே’ என்றா மதாம் நூரியா.

‘இல்லை. கையில் மா. எழுத நேரமிராது.’

பத்துக்கு ஒன்பது. ஒரு புள்ளி குறைத்தது இறந்தகால வினைக்கு.

மே 10

லவாலில் ஒரு கல்யாணம். நானூறு வடை. சிவராசா உப்பைக் கூடப் போட்டுவிட்டார், சண்டை.

ஓகஸ்ட் 16, சனி

தையல் இயந்திரத்துக்கு மேல் இருந்த பொன்னாடையைத் தேடப்போய் இந்தப் புத்தகத்தைக் கண்டேன். பொன்னாடை எதற்கென்றால் வடைத் தட்டை மூட, அதுதான் அளவு. மூன்று மாதமாக ஒன்றும் எழுதவில்லை. என்ன நடந்தது என்று யோசித்துப் பார்க்கிறேன், எழுதும்படியாக ஒன்றும் நடக்கவில்லை. கீழே சிவராசா ஹோர்ன் அடிக்கிறார். பருப்பு ஊறி நாலு மணித்தியாலம். போகவேண்டும்